கட்டுப்பாடிழந்து உண்ணும் கோளாறு: முதலில் குறைக்க வேண்டியது எடையா, இந்தப் பழக்கமா?

காவிரிக்கரைவாசி எழுதியது:

மதிப்பிற்குரிய உறுப்பினர்களுக்கு வணக்கம். நான் திருச்சியில் வங்கிப் பணியில் இருக்கும், நாற்பதை நெருங்கும் பெண். இரண்டாம் வகை நீரிழிவுக்கு மாத்திரை எடுத்துக்கொள்கிறேன். பகல் முழுவதும் அளந்து அளந்து சாப்பிடும் நான், இரவில் வீட்டில் எல்லோரும் உறங்கிய பின், பசியே இல்லாதபோதும், மிச்சமிருக்கும் சோறு, பிஸ்கட், மிக்சர், பிள்ளைக்கென்று வாங்கி வைத்த இனிப்பு என்று கைக்குக் கிடைத்ததையெல்லாம் அடுப்படியில் நின்றபடியே வேகவேகமாக உண்டு, வயிறு வலிக்கும் வரை நிறுத்த முடியாமல் தவிக்கிறேன். வாரத்தில் சில இரவுகளாவது இப்படி ஆகிறது. வாந்தி எடுப்பதோ பேதி மருந்து உட்கொள்வதோ இல்லை. மறுநாள் காலையில் வெட்கம் தாங்காமல் உணவைத் தவிர்த்துவிடுவேன்.

அண்மையில் ஒரு மனநல மருத்துவரைச் சந்தித்தபோது, இது ‘பிஞ்ச் ஈட்டிங் டிசார்டர்’ (கட்டுப்பாடிழந்து உண்ணும் கோளாறு) என்னும் நோய் என்றும், உளவியல் சிகிச்சையே இதற்கு முதன்மையானது என்றும் கூறி, சிபிடி என்னும் பேச்சுவழிச் சிகிச்சை அளிக்கும் உளவியலாளர் ஒருவரிடம் செல்லச் சொன்னார். ஆனால் சர்க்கரை நோய் மருத்துவர் எடையைக் குறைப்பதே அவசரம் என்கிறார். உணவியல் ஆலோசகரோ நாள்தோறும் 16 மணி நேரம் உண்ணாதிருக்கும் அட்டவணையைக் கையில் கொடுத்திருக்கிறார். உறவினர்கள், மனத்தை அடக்கத் தெரியாததற்கு மருத்துவம் எதற்கு என்கிறார்கள்.

வெறுமனே அதிகம் சாப்பிடுவதற்கும் இந்த நோய்க்கும் உண்மையில் என்ன வேறுபாடு? சிகிச்சை என்ற பெயரில் அந்த அறைக்குள் என்னதான் செய்வார்கள்? மாத்திரையால் மட்டும் குணமாகுமா? எடை குறைக்கும் முயற்சியை இதனுடன் சேர்த்தே தொடரலாமா? அறிந்தவர்கள் விளக்கினால் நன்றியுடையவளாக இருப்பேன்.

வைகை உளவியலர் எழுதியது:

சகோதரி அவர்களுக்கு வணக்கம். நான் மருத்துவ உளவியலாளராகப் பணிபுரிகிறேன். உங்களை நேரில் பார்க்காமல் உங்கள் நோயைப் பற்றித் தீர்ப்புச் சொல்வது முறையாகாது. ஆயினும் உங்கள் மருத்துவர் சொன்னது நீங்கள் எழுதியிருப்பதோடு பொருந்தி வருகிறது.

கல்யாண விருந்தில் இரண்டு இலைச் சாப்பாட்டை ஒருவர் ரசித்து உண்டால் அது நோயாகாது. குறுகிய நேரத்திற்குள், அதே சூழலில் பிறர் உண்ணக்கூடியதைவிடத் தெளிவாகவே மிகுதியாக உண்பதும், அப்போது ‘என்னால் நிறுத்த முடியவில்லை’ என்ற உணர்வு இருப்பதும் சேர்ந்தால்தான் அதைக் கட்டுப்பாடிழந்த உண்ணல், சுருக்கமாகக் கட்டுமீறல், என்கிறோம். வழக்கத்தைவிட விரைவாக உண்பது, வயிறு வருந்தும் வரை உண்பது, பசியின்றி உண்பது, வெட்கத்தால் தனித்து உண்பது, பின்னர் தன்மீதே அருவருப்பும் குற்றவுணர்வும் கொள்வது ஆகிய ஐந்தில் மூன்றேனும் இருந்து, சராசரியாக வாரம் ஒரு முறையாவது, மூன்று மாதங்களுக்கு இது நீடித்து, அதனால் மனத்துயரும் ஏற்பட்டால் நோய் என வகைப்படுத்துகிறார்கள். உண்டதை ஈடுகட்ட வாந்தி எடுக்கும் வழக்கம் இருந்தால் அது புலிமியா என்னும் வேறு நோயாகிவிடும். அமெரிக்க மருத்துவர் ஆல்பர்ட் ஸ்டங்கார்ட் 1959-லேயே இவ்வகை உண்ணலை விவரித்துவிட்டார் என்றாலும், அமெரிக்க மனநல மருத்துவச் சங்கத்தின் நோய்க் கையேடு 1994-இல் இதைப் பின்னிணைப்பில் மட்டுமே வைத்திருந்தது. தனி நோயாக ஏற்றது 2013-இல்தான். உங்கள் உறவினர்களுக்கு இது புதுமையாகத் தோன்றுவதில் வியப்பில்லை. மருத்துவ உலகமே தயங்கித் தயங்கித்தான் இதற்கு ஓர் இடம் கொடுத்தது.

இனி, மனத்தை அடக்குவது பற்றி. நீங்கள் எழுதியதில் என் கண்ணில் முதலில் பட்டது இரவில் நடப்பது அன்று. பகலில் அளந்து சாப்பிடுவதும் மறுநாள் காலை உணவைத் தவிர்ப்பதும்தான். உங்களிடம் அடக்கம் குறைவாக இல்லை, அது மிகையாகவே இருக்கிறது. இரண்டாம் உலகப் போரின் இறுதிக் கட்டத்தில் அமெரிக்காவின் மினசோட்டா பல்கலைக்கழகத்தில் ஆன்செல் கீஸ் என்பவர், மனச்சான்றின் பேரில் போருக்குச் செல்ல மறுத்த 36 இளைஞர்களுக்கு ஏறத்தாழ ஆறு மாதம் பாதி உணவே கொடுத்து ஆராய்ந்தார். உடலும் மனமும் நலமாக இருக்கிறார்கள் என்று சோதித்துத் தேர்ந்தெடுக்கப்பட்ட அந்த ஆண்கள் பகலெல்லாம் உணவைப் பற்றியே பேசினார்கள்; சமையல் குறிப்புகளைச் சேர்த்தார்கள். தடை நீங்கியதும் அவர்களில் பலர் வயிறு கொள்ளாத அளவு உண்டும் பசி தீரவில்லை என்றார்கள். பட்டினி போட்டால் எந்த மனிதரின் உடலும் இப்படித்தான் நடந்துகொள்ளும். கட்டுப்பாடிழந்து உண்ணும் எல்லோருக்கும் பத்தியமே தொடக்கம் என்று சொல்ல மாட்டேன். பலருக்குத் துயரமோ தனிமையோதான் முதலில் வருகிறது. ஆனால் பழக்கம் படிந்த பிறகு அதற்குத் தொடர்ந்து தீனி போடுவது பெரும்பாலும் மறுநாள் பட்டினிதான்.

ஆக்ஸ்ஃபோர்டில் கிறிஸ்டோபர் ஃபேர்பர்ன் 1980-களின் தொடக்கத்திலிருந்து உருவாக்கிய சிபிடி, அதாவது அறிவாற்றல் நடத்தைச் சிகிச்சை, இந்த இடத்தில்தான் கை வைக்கிறது. முதல் வேலை பதிவு எழுதுவது. என்ன உண்டேன், எப்போது, எங்கே, அது கட்டுமீறியதாகத் தோன்றியதா, அப்போது என்ன நடந்துகொண்டிருந்தது என்பதை அப்போதைக்கப்போதே எழுத வேண்டும். படுக்கப் போகும்போது நினைவிலிருந்து எழுதினால் பாதிப் பயன் போய்விடும். கலோரிக் கணக்கு அதில் இராது. அடுத்தது ஒழுங்காக உண்பது: மூன்று வேளை உணவும் இடையே இரண்டு சிற்றுண்டியும், எதற்கும் எதற்கும் நடுவே நான்கு மணி நேரத்துக்கு மேல் இடைவெளி விழாமல். நம் வீடுகளில் பதினொரு மணிக்கு ஒன்று, மாலை டிபன் ஒன்று என்று இதற்கான ஏற்பாடு முன்பே இருக்கிறது. எடைக்குப் பயந்தவர்கள்தாம் அதை முதலில் நிறுத்துகிறார்கள். எத்தனையோ பேருக்கு இந்த ஒரு மாற்றத்தாலேயே, உடலையும் எடையையும் பற்றிய எண்ணங்களைப் பேசத் தொடங்கும் முன்பே, இரவு நிகழ்வுகள் கணிசமாகக் குறைவதைப் பார்த்திருக்கிறேன். எடையை வாரம் ஒரு முறை மட்டும் பார்ப்பார்கள். நாளுக்கு மூன்று முறை எடைக்கருவியில் ஏறுபவருக்கு அதுவே பெரும் விடுதலை.

அதன் பிறகுதான் கடினமான பகுதி வருகிறது. ‘தொடவே கூடாது’ என்று ஒதுக்கி வைத்த உணவுகளைத் திட்டமிட்டுச் சிறிது சிறிதாக உணவில் சேர்ப்பது, உந்துதல் எழும்போது அது ஏறி இறங்கும் வரை செய்வதற்கு வேறு செயல்களை ஆயத்தமாக வைத்திருப்பது, மாமியாருடனோ மேலாளருடனோ ஏற்பட்ட உரசல் எப்படி அடுப்படியில் போய் முடிந்தது என்று பதிவேட்டைப் பிரித்து வைத்துக்கொண்டு ஆராய்வது, தன் உடலின் உருவத்தையும் எடையையும் கொண்டே தன் மதிப்பை அளக்கும் பழக்கத்தைத் தளர்த்துவது ஆகியவை அதில் அடங்கும்.

சிகிச்சை நெறிகளை வகுக்கும் இங்கிலாந்தின் நைஸ் அமைப்பு 2017-இல் வெளியிட்ட வழிகாட்டுதல், எடுத்த எடுப்பிலேயே நீண்ட சிகிச்சையைப் பரிந்துரைக்கவில்லை. சிபிடி முறையில் எழுதப்பட்ட தன்னுதவிக் கையேட்டை நோயாளி தாமே பின்பற்ற, 16 வாரங்களில் நான்கு முதல் ஒன்பது முறை, ஒவ்வொன்றும் 20 நிமிடம் மட்டும் ஒருவர் துணைநிற்பதுதான் முதல் படி. அது ஒத்துவராவிட்டால், அல்லது நான்கு வாரங்களில் பயன் தெரியாவிட்டால், வாரம் ஒன்றாக 16 குழு அமர்வுகள். குழு கிடைக்காத இடத்திலோ அதை விரும்பாதவருக்கோ 16 முதல் 20 தனி அமர்வுகள். நம் ஊரில் குழுச் சிகிச்சை அரிதாகவே கிடைக்கும். அந்த வழிகாட்டுதல் இன்னொன்றையும் வெளிப்படையாகச் சொல்கிறது: சிகிச்சைக் காலத்தில் எடை குறைக்கும் பத்தியம் வேண்டாம், அது கட்டுமீறலைத் தூண்டும். ஆகவே அந்த 16 மணி நேர அட்டவணையை இப்போதைக்கு ஓரமாக வைத்துவிடுங்கள் என்பதே என் கருத்து. ஆனால் சர்க்கரை மாத்திரையின் அளவு அதனுடன் இணைந்தது என்பதால், மருத்துவரிடம் சொல்லிவிட்டே மாற்றுங்கள். கிளிமெபிரைடு போன்ற மாத்திரையோ இன்சுலினோ எடுப்பவர் பட்டினி கிடந்தால் சர்க்கரை தாழ்ந்து, அந்தப் படபடப்பே உண்ணத் துரத்தும். அப்படி ஏதும் நடக்கிறதா என்பதை இரவில் குளூக்கோமீட்டரால் பார்த்துவிடுவது நல்லது.

மாடிவீட்டுக்காரன் எழுதியது:

நான் இந்தச் சிகிச்சையை முடித்தவன், ஆண். இது பெண்களின் நோய் என்ற எண்ணத்தாலேயே நானும் என் வீட்டாரும் பல ஆண்டுகள் இதைத் தொப்பைப் பிரச்சினையாகவே நடத்தினோம். அமெரிக்காவில் 2007-இல் வெளியான கணக்கெடுப்பொன்றில் வாழ்நாளில் இந்நோய்க்கு உள்ளானவர்கள் பெண்களில் 3.5 விழுக்காடு, ஆண்களில் 2 விழுக்காடு என்று என் உளவியலாளர் காட்டியபோதுதான், என்னைப் போல் இன்னும் எத்தனை பேர் சட்டைப் பொத்தானைத் திட்டிக்கொண்டு வாழ்கிறார்களோ என்று தோன்றியது.

பதிவு எழுதுவதைப் பற்றி மேலே நண்பர் எளிதாகச் சொல்லிவிட்டார். நல்ல நாளில் எழுதுவது எளிது. கட்டுமீறிய இரவில் அந்தப் பக்கத்தைத் திறக்கவே கை வராது. எனக்கு அமைந்த உளவியலாளர், ‘அந்தப் பக்கம்தான் எனக்கு வேண்டும், மற்றவை இல்லாவிட்டாலும் பரவாயில்லை’ என்றார். கைபேசியில் எனக்கு நானே அனுப்பிக்கொள்ளும் செய்தியாக, தமிழிலேயே, இரண்டு வரி எழுதுவேன். சில வாரங்கள் கழித்து அவற்றைச் சேர்த்துப் படித்தபோது, மதிய உணவைத் தள்ளிப்போட்ட நாள்களும் அப்பாவிடம் தொலைபேசியில் பேசிய நாள்களும் தனியாகத் தெரிந்தன. எனக்குத் தெரிந்து நான் ‘சும்மா’ சாப்பிட்டேன் என்று நினைத்திருந்த இரவுகளில் பெரும்பாலானவை சும்மா வந்தவை அல்ல.

எடையைப் பற்றி உண்மையைச் சொல்ல வேண்டும். கட்டுமீறிய உண்ணல் நின்றது. எடை பெரிதாகக் குறையவில்லை. ஏறுவது நின்றது, அவ்வளவுதான். இதை எனக்கு முதல் அமர்விலேயே சொல்லியிருந்தார்கள், அதனால் ஏமாற்றமடைந்து பாதியில் விடவில்லை. எடை இறங்கும் என்ற எதிர்பார்ப்போடு மட்டும் போகிறவர் நடுவில் எழுந்து வந்துவிடுவார் என்பது என் எண்ணம்.

கணக்குப்பிள்ளை எழுதியது:

நான் மருத்துவன் அல்லன். நீரிழிவோடு நீண்ட காலம் வாழ்பவன். மேலே எழுதியவர்கள் மேல் மதிப்பு வைத்தே மாறுபடுகிறேன். சர்க்கரை காத்திருக்காது. கண்ணும் சிறுநீரகமும் கெட்ட பின் மனம் அமைதியாக இருந்து என்ன பயன்? நடைப்பயிற்சி, அளவான உணவு, எடைக் குறைப்பு என்று முறையாகக் கற்றுத்தரும் திட்டங்களிலும் கட்டுமீறிய உண்ணல் குறைவதாகப் படித்திருக்கிறேன். அப்படியிருக்க, எடையை முற்றிலும் ஒதுக்கச் சொல்வது சரிதானா?

வைகை உளவியலர் எழுதியது:

கேட்க வேண்டிய கேள்வியைத்தான் ஐயா கேட்டிருக்கிறார். நடத்தைவழி எடைக் குறைப்புத் திட்டங்களில் கட்டுமீறல் குறைவது உண்மை. வில்சன், வில்ஃப்லி முதலியோர் அமெரிக்காவில் 205 நோயாளிகளிடம் நடத்தி 2010-இல் வெளியிட்ட ஆய்வில், எடைக் குறைப்புத் திட்டம், சிபிடி வழிப்பட்ட தன்னுதவி, ஐபிடி என்னும் உறவுநிலைச் சிகிச்சை ஆகிய மூன்றையும் ஒப்பிட்டார்கள். சிகிச்சை முடிந்த நேரத்தில் எடைக் குறைப்புக் குழுவினரே அதிக எடை இழந்திருந்தனர். ஆனால் இரண்டு ஆண்டுகள் கழித்துப் பார்த்தபோது, கட்டுமீறலிலிருந்து விடுபட்டு நின்றவர்கள் மற்ற இரண்டு குழுக்களிலும்தான் கூடுதலாக இருந்தார்கள். எடையில் முன்பு தெரிந்த வேறுபாடும் நிலைக்கவில்லை. எனவே வரிசைதான் எங்கள் வாதம்: சர்க்கரைக்கான மருந்தும் பரிசோதனையும் ஒரு நாளும் நிற்க வேண்டாம், நடையும் நிற்க வேண்டாம், பட்டினி வகையான பத்தியம் மட்டும் நிற்கட்டும். உண்ணும் நேரம் ஒழுங்குக்கு வந்த பிறகு எடையைப் பற்றிப் பேசினால் கேட்கும் நிலையில் உடல் இருக்கும். இரவு நிகழ்வுகள் குறைந்தால் காலைச் சர்க்கரையும் ஓரளவு சீராகலாம் என்பதையும் மறக்க வேண்டாம்.

ஐபிடி பற்றி நான் முன்பு எழுதவில்லை. அதில் உணவைப் பற்றிய பேச்சு குறைவு. இழப்பு, ஓயாத உறவுப் பூசல், திருமணம், பணிமாற்றம், பிள்ளைப்பேறு போன்ற நிலைமாற்றங்கள், தனிமை ஆகியவற்றுள் எது இந்தப் பழக்கத்தை உயிரோடு வைத்திருக்கிறது என்று கண்டு, அதை மட்டும் எடுத்துக்கொண்டு வேலை செய்வார்கள். உணவுப் பதிவை வெறுப்பவருக்கு இது நல்ல மாற்று. கோபமும் வெறுமையும் எழுந்தவுடன் கை உணவைத் தேடிப் போகிறது என்பவருக்கு, அமெரிக்க உளவியலாளர் மார்ஷா லினஹன் உருவாக்கிய டிபிடி என்னும் இயங்கியல் நடத்தைச் சிகிச்சை முறையிலிருந்து உணர்ச்சியைத் தாங்கும் பயிற்சிகளைக் கற்பிக்கிறார்கள். எந்த முறையானாலும் முழுமையாகக் கட்டுமீறலை நிறுத்துபவர்கள் ஏறத்தாழப் பாதிப்பேர்தான். மீதிப் பேரில் பலருக்குக் குறைகிறது. நூற்றுக்கு நூறு என்று உறுதி கூறி விளம்பரம் செய்பவரிடம் பணத்தைக் கட்டாதீர்கள்.

சீட்டெழுதுபவன் எழுதியது:

மனநல மருத்துவன் என்ற முறையில் மாத்திரைகள் பற்றிய கேள்விக்கு மட்டும் பதில் சொல்கிறேன். இந்நோய்க்கென்றே அமெரிக்க உணவு மருந்து நிர்வாகம் ஒப்புதல் அளித்தது லிஸ்டெக்சாம்ஃபெட்டமின் என்னும் ஒரே மருந்துக்குத்தான். 2015-இல், நடுத்தர நிலையிலோ கடுமையாகவோ பாதிக்கப்பட்ட பெரியவர்களுக்கு. அது கவனக்குறைவு மிகையியக்கக் கோளாற்றுக்குக் கொடுக்கப்படும் ஆம்ஃபெட்டமின் வகை. நாடித்துடிப்பையும் இரத்த அழுத்தத்தையும் ஏற்றும், தூக்கத்தைக் கெடுக்கும், அடிமைப்படுத்தும் வாய்ப்பும் உண்டு. எடை குறைக்கும் மருந்தாக அதைப் பயன்படுத்தக் கூடாது என்று அதன் குறிப்பிலேயே எழுதியிருக்கிறார்கள். வெளிநாட்டிலிருந்து யாரேனும் வாங்கி வந்து தருகிறேன் என்றால் மறுத்துவிடுங்கள்.

ஃப்ளுவாக்செட்டின் போன்ற மனச்சோர்வு மருந்துகள் சிலருக்குக் குறுகிய காலத்தில் கட்டுமீறலைக் குறைக்கின்றன. எடையில் பெரிய மாற்றம் தருவதில்லை. மனச்சோர்வும் சேர்ந்திருப்பவருக்கு நான் தயங்காமல் எழுதுவேன். வலிப்புக்கும் ஒற்றைத் தலைவலிக்கும் கொடுக்கும் டோப்பிராமேட், கட்டுமீறல், எடை இரண்டையும் குறைக்கிறது. ஆனால் விரல் நுனிகள் மரத்துப்போவது, சொல் நாவில் வராமல் தடுமாறுவது, சிறுநீரகக் கல் என்று தொல்லைகள் உண்டு. கருவிலுள்ள குழந்தைக்குக் குறைபாடு உண்டாக்கும் ஆபத்து இருப்பதால் கருத்தரிக்கும் வயதிலுள்ளவரிடம் அதைப் பேசாமல் எழுதக் கூடாது. மனச்சோர்வுக்கும் எடைக் குறைப்புக்கும் கொடுக்கப்படும் பூப்ரோப்பியான் கலந்த மருந்துகள் வலிப்பைத் தூண்டக்கூடும் என்பதால் புலிமியா உள்ளவருக்குத் தடை செய்யப்பட்டவை. வாந்தி எடுக்கும் பழக்கம் எப்போதாவது இருந்திருந்தால் மருத்துவரிடம் மறைக்காதீர்கள். முன்பு இந்நோய்க்காகப் பெரிதும் ஆராயப்பட்ட சிபுட்ரமின் என்னும் எடைக்குறைப்பு மருந்து இதயப் பாதிப்பு காரணமாக 2010-இல் உலகின் பல சந்தைகளிலிருந்து விலக்கப்பட்டது என்பதை, புதிதாக வரும் எடைக்குறைப்பு ஊசிகளைப் பார்க்கும்போதெல்லாம் நினைத்துக்கொள்வேன். அந்த ஊசிகள் நீரிழிவுக்கும் உடற்பருமனுக்கும் பயன்படுபவை. இந்த நோய்க்கென்று இன்னும் ஒப்புதல் பெறவில்லை.

இந்நோய்க்கான மருந்து ஆய்வுகளில் மருந்தே இல்லாத போலி மாத்திரை வாங்கியவர்களும் கணிசமாகத் தேறுகிறார்கள். எனவே முதல் மாத முன்னேற்றத்தை வைத்து மாத்திரைக்குப் புகழ் சூட்ட நான் அவசரப்படுவதில்லை. நைஸ் வழிகாட்டுதலும் மருந்தை மட்டும் தனிச் சிகிச்சையாகக் கொடுக்கக் கூடாது என்கிறது. அறுவை சிகிச்சை பற்றி யாரேனும் ஆலோசனை சொன்னால், இரைப்பையைச் சிறிதாக்கிய பின்னும் கட்டுப்பாடிழந்த உணர்வு சிலருக்குத் திரும்புகிறது, அவர்களுக்கு எடைக் குறைவும் மட்டாகவே அமைகிறது என்பதை அறிந்து முடிவெடுங்கள். மனநோய்க்கான ஓலான்சபின், ஸ்டீராய்டு போன்ற மருந்துகளும் பசியைத் தூண்டுபவை. நீங்கள் உட்கொள்ளும் எல்லா மாத்திரைகளின் சீட்டையும் ஒருமுறை ஒரே மருத்துவர் பார்க்கட்டும்.

காவிரிக்கரைவாசி எழுதியது:

அனைவருக்கும் மனமார்ந்த நன்றி. இரண்டு ஐயங்கள் எஞ்சியிருக்கின்றன. ஐப்பசியில் கந்த சஷ்டிக்கு ஆறு நாளும் விரதமிருப்பது எங்கள் வீட்டு வழக்கம். அதை விட்டால் மாமியார் மனம் வருந்துவார். இன்னொன்று, சரியான உளவியலாளர்தானா என்று எப்படி அறிவது?

வைகை உளவியலர் எழுதியது:

சிகிச்சை தொடங்கிய முதல் சில மாதங்களில் விரதம் வேண்டாம் என்றே என்னிடம் வருபவர்களுக்குச் சொல்கிறேன். நீரிழிவு மாத்திரை உட்கொள்பவர் விரதமிருப்பது ஆபத்தாகக்கூடும் என்பதும் உண்மையே. அந்தக் காரணத்தை மருத்துவர் வாயிலாகவே மாமியார் கேட்கும்படி ஒருமுறை அவரையும் உடன் அழைத்துச் செல்லுங்கள். நோயின் பெயரைச் சொல்ல நீங்கள் ஆயத்தமாகும் வரை சொல்ல வேண்டியதில்லை. கோயிலுக்குப் போவதும் கவசம் படிப்பதும் வழக்கம்போல நடக்கட்டும்.

உளவியலாளர் இந்திய மறுவாழ்வு கவுன்சிலில் மருத்துவ உளவியலாளராகப் பதிவு பெற்றவரா என்று கேளுங்கள்; கேட்பதில் தவறில்லை, பதிவெண் அவரிடம் இருக்கும். உணவுக் கோளாறு உள்ளவர்களுக்குச் சிகிச்சை அளித்திருக்கிறீர்களா, உண்ணும் பதிவு எழுதச் சொல்வீர்களா, ஏறக்குறைய எத்தனை அமர்வுகள் ஆகும், பயன் இல்லையென்றால் எப்போது வேறு வழியை யோசிப்பீர்கள் என்று முதல் சந்திப்பிலேயே கேட்டுவிடுங்கள். முதல் நாளே எடைக் குறைப்பு அட்டவணையை நீட்டுபவரானால் வேறொருவரைத் தேடுவது நல்லது. கட்டணம் இடித்தால் அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனையின் மனநலப் பிரிவில் பதிவு செய்யலாம். இடையில் ஏதேனும் ஓர் இரவில் மனம் மிகவும் உடைந்துபோனாலோ, உயிரை விட்டுவிடலாம் என்ற எண்ணம் எட்டிப்பார்த்தாலோ, அடுத்த அமர்வுக்காகக் காத்திருக்காமல் 14416 என்ற டெலிமானஸ் (அரசின் மனநல உதவிச் சேவை) எண்ணை அழையுங்கள். நாள் முழுவதும் கட்டணமின்றித் தமிழிலேயே பேசலாம். முதல் அமர்வுக்கு முன்பாகவே பதிவு எழுதத் தொடங்கிவிட்டால், கையில் ஏதோ ஒன்றோடு போவீர்கள். நாளைக் காலை உணவிலிருந்தே எழுதலாம், அதைத் தவிர்க்காமல் உண்டுவிட்டு.